விழித்திருப்பதைப் பெயர்த்தல்

வக்கீல் கடிதம் ஜூலை முப்பத்தொன்று என்றது.
இத்வால் ப்ரைஸின் மனைக்குள்
என் கமேலியா
இரண்டடி எட்டங்குலம் நுழைந்து நிற்கிறதாம்.
அளவைக்காரர் மஞ்சள் முளை அடித்துவிட்டுப் போனார்,
செடிக்கும் என் சமையலறைச் சன்னலுக்கும் நடுவே.

எல்லைக்காக நான் வாதாடவில்லை.
தேதிக்காகத்தான் எழுதினேன்:
ஐயா, ஜூலையில் வேர் வராது.
வருவதெல்லாம் விறகு.

இலையுதிர்க்கும் மரமென்றால் தொல்லையில்லை.
டிசம்பரில் அது தூங்கும்,
தூங்கும் பிள்ளையைக் கட்டில் மாற்றிக் கிடத்துவதுபோல
கிடத்திவிடலாம்.
இது தூங்காது.
வருஷம் முழுக்கப் பச்சை என்றால்
வருஷம் முழுக்கத் தாகம்.
உறைபனியிலும் ஒவ்வோர் இலையும்
காற்றுக்குக் கொஞ்சம் தண்ணீர் கட்டியாக வேண்டும்,
வரி மாதிரி.
விழித்திருக்கும்போதேதான் பெயர்க்க வேண்டும்.
அக்டோபரில்,
மழை மண்ணுக்குள் இறங்கிய பின்,
மண்ணின் சூடு ஆறுவதற்குள்.
நாள் கேட்டால்,
மணிக்கட்டுவரை கையை மண்ணில் புதைத்துப் பாருங்கள்.
வெளியே வர விரல்கள் அவசரப்படாத நாள்.

வக்கீலிடமிருந்து பதில் வரவில்லை.
என் கதவின் தபால் துளை வழியே
தீவனக்கடை ரசீது ஒன்று விழுந்தது.
பின்புறம் பென்சிலில்:
அக்டோபர். சரி.

வேரை ஒரு வருஷம் முன்பே
சுற்றிலும் நறுக்கிவிட வேண்டும்.
எனக்குக் கிடைத்தது எட்டு வாரம்.
ஆகஸ்ட் மழையில் மண்வெட்டியைச் செங்குத்தாக இறக்கி
அரைவட்டம் மட்டும் வெட்டினேன்.
தடித்த வேர்கள் வெறும் கால்கள்.
வெட்டிய இடத்தில் முளைக்கிற தையல்நூல் வேர்கள்தான்
வாய்.
ப்ரைஸ் தன் கொட்டகை வாசலில் நின்று
நான் அவர் மண்ணை வெட்டுவதைப் பார்த்தார்.
நாய்தான் குரைத்தது.

முதலில் குழி, பிறகுதான் செடி.
வரிசை மாற்றிச் செய்து
ஒரு ரோடோடெண்ட்ரானைக் கொன்றிருக்கிறேன்.
அது வெயிலில் கிடக்க, நான் பாறையைத் தோண்டிக்கொண்டிருந்தேன்.
வேல்ஸில் எங்கே தோண்டினாலும்
மூன்றாம் வெட்டுக்குச் சிலேட்டுக்கல்.

வடக்கு பார்த்த கிளையில் சிவப்புக் கம்பளிநூல் கட்டினேன்,
புது இடத்திலும் அது வடக்கே பார்க்க.
அகழி வெட்டி, அடிவேர் அறுத்து, சாய்த்து,
அப்புறம்தான் தெரிந்தது
வேர்மண் ஒரு முழு ஆட்டின் எடை என்று.

கூப்பிடவில்லை. வந்தார்.
கம்பளி அடைக்கும் சாக்கு ஒன்றை விரித்தார்.
ஆளுக்கு இரண்டு முனை.
"உங்கள் பக்கம் தாழ்கிறது, மிஸ்ஸஸ் பெவன்."
"தெரியும்."
அன்று பேசியது அவ்வளவுதான்.

குழியின் குறுக்கே ஒரு கழி வைத்து
தண்டில் பழைய மண்கோடு அதற்கு நேராக வரும்வரை
ஏற்றினோம், இறக்கினோம்.
ஓரங்குலம் ஆழமாய்ப் போனாலும் அழுகும்.
மூன்று வாளி மழைநீர்.
உரம் வேண்டாம்,
காயம்பட்டவருக்கு விருந்து வைப்பதில்லை.
மொட்டுகள் நாற்பத்தொன்று இருந்தன.
எண்ணிக்கொண்டே எல்லாவற்றையும் கிள்ளிப் போட்டேன்.

ஜனவரியில் கிழக்குக் காற்று வந்தது,
கடல் தொடாத வறண்ட காற்று.
நான் கட்டியிருந்த சாக்குத் தடுப்பு இரவில் விழுந்த சத்தம் கேட்டது.
காலையில் நின்றுகொண்டிருந்தது.
முடிச்சு என்னுடையதல்ல.
வைக்கோல் கட்டும் ஆரஞ்சுக் கயிறு.

மூன்றில் ஒரு பங்கு இலை உதிர்ந்துவிட்டது.
நேற்று கட்டைவிரல் நகத்தால் பட்டையைக் கீறினேன்.
பச்சை. கொஞ்சம் ஈரமும்.

அவர் பக்கத்துக் குழி இன்னும் மூடப்படவில்லை,
மழை தேங்கியிருக்கிறது.
பத்தொன்பது வருஷம் இலைகள் மறைத்திருந்த இடத்தில்
இப்போது அவர் சன்னல்.
விடியற்காலை நாலு மணிக்கே விளக்கு எரிகிறது.
நாலு மணிக்கு எனக்கு எப்படித் தெரியும் என்று
யாரும் கேட்கவில்லை.

இரண்டு கோடை
விடாமல் தண்ணீர் ஊற்ற வேண்டும்.
அதற்குப் பிறகுதான் சொல்ல முடியும்,
பிடித்துக்கொண்டதா என்று.